அகராதி யாருக்கு?

நியூசிலாந்தின் தலைநகரமாம் வெலிங்டனில், 'தே பாபா' என்னும் அருங்காட்சியகத்தில், உடைந்துபோன வெண்கல மணி ஒன்று இருக்கிறது. அதன்மேல் ஓடும் எழுத்துகள் தமிழெழுத்துகள்! முகையதீன் வக்குசு என்பாருடைய கப்பலின் மணி என்பது அவற்றின் பொருள். 1836ஆம் ஆண்டளவில் இதனைக் கண்டவர் வில்லியம் கொலென்சோ. பாதிரிமாரின் அச்சுக்கூடத்தை நடத்துவதற்காக இங்கிலாந்திலிருந்து சென்றவர். அவர் கண்டபோது மணி ஒலிக்கவில்லை. மாவோரிப் பெண்டிர் அதனை உருளைக்கிழங்கு வேகவைக்கும் கலமாகக் கொண்டிருந்தனர்!

எள்ளி நகைக்க இதனை எடுத்துரைக்கவில்லை. அப்பெண்டிர் அறிவற்றவர் அல்லர். கிடைத்த பொருளைப் பயனாக்கியவர். மணியின்மேல் இருந்த மொழியைத் திறந்து காட்ட அங்கே ஓர் ஏடு இல்லை, ஆசிரியர் இல்லை, அவ்வளவே. அதே கொலென்சோ பின்னாளில் மாவோரி மொழிக்குப் பேரகராதி ஒன்று செய்ய முனைந்தார். 1860களில் அரசும் அப்பணியை அவரிடம் ஒப்படைத்தது, பிறகு கைவிட்டது. 1898இல் முதலெழுத்தைச் சார்ந்த பகுதி மட்டும் அச்சேறிற்று. மறு ஆண்டு அவர் மறைந்தார். ஒரு வாழ்நாள் ஓர் எழுத்துக்கே போதவில்லை!

நாம் பள்ளியில் மொழி கற்பிப்பவர். அகராதியைப் புரட்டாத நாள் நமக்கில்லை. ஆயினும், 'இந்த ஏடு யாருக்காக ஆக்கப்பட்டது?' என்று நாம் கேட்டதில்லை. கேட்கத் தூண்டியவை நியூசிலாந்தின் இரு மொழிகளுக்கு எழுந்த அகராதிகள். ஒன்று மாவோரி; நாவால் பேசப்படுவது. மற்றொன்று அந்நாட்டுக் காது கேளாதாரின் சைகை மொழி, கையால் பேசப்படுவது. இரண்டையும் வெளியே துரத்தியது பள்ளிக்கூடம். இரண்டையும் மீட்கப் போராடியவர்க்கு அகராதி துணை நின்றது. ஆனால் எல்லா அகராதியும் ஒரே வகையில் துணை நிற்பதில்லை. அவ்வேறுபாட்டைச் சீர்தூக்கிப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பாதிரியார் தந்த பேரேடு

1820ஆம் ஆண்டு. மாவோரித் தலைவர் ஹோங்கி ஹிக்கா, அவரோடு வைகாட்டோ என்னும் இளந்தலைவர், பாதிரியார் தாமஸ் கெண்டல் ஆகிய மூவரும் கேம்பிரிட்ஜ் சென்றனர். அங்கே பேராசிரியர் சாமுவேல் லீ அவர்கள் உரைத்ததைக் கேட்டு எழுதினார். அவ்வாண்டே மாவோரி மொழியின் இலக்கணமும் சொற்பட்டியலும் இலண்டனில் வெளிவந்தன. சொல் தந்தவர் மாவோரியர். ஏடு சென்றதோ பாதிரிமார் கைக்கு. பிறப்பிலேயே இந்த முரண்!

1844இல் வில்லியம் வில்லியம்ஸ் ஆக்கிய அகராதி பைஹியா என்னும் ஊரில் அச்சாயிற்று. அதைத் திருத்தி வளர்க்கும் பணியை அவருக்குப்பின் மகன் லெனார்டு ஏற்றார். மகனுக்குப்பின் பேரன் ஹெர்பர்ட் ஏற்றார். மூவரும் வையாப்பு மறைமாவட்டத்தின் பேராயர்கள். ஒரே குடும்பம் மூன்று தலைமுறை ஓர் ஏட்டுக்கு உழைத்தது! ஏழாம் பதிப்பு 1971இல் வந்தது. பழம்பாடல்களிலும் பழங்கதைகளிலும் இருந்து சான்று காட்டி, சொல்லின் பல பொருள்களை வரிசைப்படுத்தும் அவ்வேட்டின் பெருமையை மறுப்பவர் நன்றி மறந்தவர். மாவோரியர் இன்றும் அதனைப் போற்றுகின்றனர்.

ஆனால் திறனாய்வு என்பது புகழ்மாலை தொடுப்பதோடு முடிவதன்று. அவ்வேட்டின் பெயரையே பாருங்கள்! 1844இல் அதற்கிட்ட பெயர் 'நியூசிலாந்து மொழியின் அகராதி'. அந்நாட்டின் மொழி என்றால் அன்று மாவோரிதான். 1917இல் ஐந்தாம் பதிப்பு வெளிவந்தபோது பெயர் 'மாவோரி மொழியின் அகராதி' என்றாயிற்று. நாட்டின் மொழியாக இருந்தது ஒரு குலத்தாரின் மொழியாகச் சுருங்கிவிட்டது. சொற்களைச் சேர்த்துக்கொண்டே போன ஏடு, பேசுவோரை இழந்துகொண்டே போயிற்று. நூலின் உள்ளே வளர்ச்சி, வெளியே தேய்வு! முகப்பிலே பெயர் மாறியதற்குள் ஒரு மக்களின் வரலாறே அடங்கிக் கிடக்கிறது.

மற்றொரு குறையும் உண்டு. மாவோரிச் சொல் இடப்பக்கம். ஆங்கில விளக்கம் வலப்பக்கம். ஆங்கிலம் அறிந்தவன் மாவோரிக்குள் நுழையக் கதவு திறந்திருக்கிறது. மாவோரிச் சிறுவன் தன் பாட்டியின் சொல்லைத் தெரிந்துகொள்ள வேண்டுமானால் ஆங்கிலத்தின் வாயிலில் நின்று கேட்க வேண்டும். தன் வீட்டுக்குள் போக அடுத்த வீட்டாரிடம் திறவுகோல் வாங்கும் நிலை!

ஒரு சொல் தவறினால்

'அகராதிப் பிழைக்கு இத்தனை ஆர்ப்பாட்டமா?' என்று கேட்பார் உளர். அவர்களுக்கு 1840ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களை நினைவூட்டுகிறோம். வைத்தாங்கி என்னுமிடத்தில் ஆங்கில அரசுக்கும் மாவோரித் தலைவர்களுக்கும் ஒப்பந்தம் எழுதப்பட்டது. 4ஆம் நாள் இரவு, பாதிரியார் ஹென்றி வில்லியம்சும் அவர் மகன் எட்வர்டும் ஆங்கில வாசகத்தை மாவோரியில் பெயர்த்தனர். ஹென்றி, அகராதி செய்த வில்லியமின் தமையனார்.

ஆங்கில வாசகம், தலைவர்கள் தம் இறையாண்மையை முழுதும் ஒப்படைப்பதாகச் சொல்கிறது. மாவோரி வாசகத்திலே அவ்விடத்தில் நின்ற சொல்லோ வேறு. 'கவர்னர்' என்னும் ஆங்கிலச் சொல் மாவோரி நாவில் 'காவன' ஆகியிருந்தது. அதனோடு விகுதி சேர்த்து 'ஆளுநர் பணி' என்னும் பொருள்படும் ஒரு சொல்லை ஆக்கி வைத்தனர். அடுத்த விதியிலோ, தலைவர்க்குரிய தலைமை முழுமையாக அவர்களுக்கே உரியது என்று உறுதி கூறப்பட்டது. மேற்பார்வையைத் தந்தோம், உரிமையை வைத்துக்கொண்டோம் என்று தலைவர்கள் எண்ணினர். எல்லாம் வந்தது என்று ஆங்கிலேயர் எண்ணினர். கையெழுத்திடும் நாளிலே, 'இதன் பொருள் இவர்களுக்கு விளங்கிற்றா?' என்று எழுந்து கேட்டவர் ஒருவர் உண்டு. அவர் வேறு யாருமல்லர். மணியைக் கண்ட கொலென்சோதான்! அவர் கேள்வியைப் பொருட்படுத்தவில்லை, ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. ஒரு சொல்லுக்கு இரு பொருள் கொண்டதன் விளைவை அந்நாடு இன்றளவும் பேசித் தீர்த்துக்கொண்டிருக்கிறது.

சொல்லுக்குப் பொருள் சொல்லும் உரிமை யாருடையதோ, நிலத்துக்கு எல்லை வகுக்கும் உரிமையும் அவருடையதாகிவிடுகிறது. ஆகவேதான், 'அகராதி யாருக்கு?' என்று கேட்கிறோம்.

கற்போன் படும் பாடு

1867ஆம் ஆண்டுச் சட்டம் மாவோரிச் சிற்றூர்களில் பள்ளி கண்டது. ஆங்கிலத்தையே பயிற்று மொழியாகக் கொண்டது. தாய்மொழி பேசிய பிள்ளைகள் அடிபட்டனர். அடிபட்டவர்கள் பெற்றோரானபோது தம் மக்களுக்கு அம்மொழியைத் தரவில்லை. அடியின் வடு முதுகில் மறைந்தது, நாவில் மறையவில்லை. 1972 செப்டம்பர் 14ஆம் நாள், முப்பதாயிரத்துக்கு மேற்பட்டோர் கையெழுத்திட்ட விண்ணப்பத்தை இளைஞர் கூட்டம் நாடாளுமன்ற வாயிலில் கொண்டு வைத்தது. எங்கள் மொழியைப் பள்ளியில் கற்றுத் தருக என்பதே அவர்கள் கேட்டது. 1982இல் மழலையர்க்கான 'கோஹங்க ரேயோ', அதாவது மொழிக்கூடு, தொடங்கிற்று. 1987இல் மாவோரி ஆட்சிமொழியாயிற்று.

இந்நிலையில் அகராதியைத் தேடி வந்தவர் யார்? ஆராய்ச்சியாளர் அல்லர், மழலைக்கூட்டிலிருந்து திரும்பும் குழந்தையிடம் பேசச் சொல்லில்லாமல் திகைத்த தாய். அவள் கையில் வில்லியம்ஸ் அகராதியைக் கொடுத்தால் என்னாகும்? 'ஃபக்க' என்னும் முன்னொட்டோடு தொடங்கும் சொற்கள் அவ்வொட்டின்கீழ் இரா, வேர்ச்சொல்லின்கீழ்த் தேடவேண்டும். வேரை அறிந்தவனுக்கே சொல் கிடைக்கும். வேரை அறியத்தானே அவள் அகராதியைத் திறந்தாள்!

அடுத்தது குறிலும் நெடிலும். தமிழர்க்கு இதனை விளக்க வேண்டியதில்லை. மாவோரியில் 'வஹினே' என்றால் ஒரு பெண். 'வாஹினே' என்றால் பெண்கள். 'கெக்கெ' தின்னும் பண்டம்; 'கேக்கே' அக்குள்! எழுத்திலே நீளத்தைக் காட்டாத ஏட்டை நம்பி விருந்தினரை உபசரிக்கப் புகுந்தவன் கதி என்னாவது? உயிரெழுத்தின்மேல் கோடிடலாம் என்றார் சிலர். 1951 முதல் ஆக்லாந்துப் பல்கலைக்கழகத்தில் மாவோரி கற்பித்த புரூஸ் பிக்ஸ், எழுத்தையே இரட்டித்து எழுதுக என்றார். கோடே வென்றது. ஆயினும் பிக்ஸின் வாதம் கற்போனை மனத்திற்கொண்டு எழுந்த வாதம். அதற்காக அவரைப் பாராட்டுகிறோம். நம் அரிச்சுவடியில் இடம்பெற்றும் சொல்லின் முதலில் வரத் தயங்கி நிற்கும் 'ங' அங்கே தலைநிமிர்ந்து முதலில் நிற்கிறது. 'ஙா வாஹினே' என்றால் 'அப்பெண்கள்'. அதனைத் தனியெழுத்தாகவே வைத்து வரிசைப்படுத்திய நேர்மை வில்லியம்ஸ் அகராதிக்கு உண்டு.

பிக்ஸ் 1981இல் வெளியிட்ட ஆங்கில-மாவோரி அகராதி தேடுவோர்க்கு விரைவில் சொல் தரும். ஆனால் சொல்லை மட்டும் தரும். ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு நேரே ஐந்து மாவோரிச் சொற்கள் நின்றால் எதை எடுப்பது, எங்கே இடுவது? அக்குறையைத் தீர்த்தது 1993இல் வந்த ஹோரி மாஹூவே ஙாத்தாவின் அகராதி. தந்தை தொகுத்ததை, அவர் மறைந்தபின், மகன் நிறைவுசெய்து வெளியிட்டார். அதிலே ஒவ்வொரு சொல்லும் ஒரு வாக்கியத்துக்குள் உயிரோடு நடமாடுகிறது. வாக்கியம் இருமொழியிலும் உண்டு. பாதிரியார் குடும்பம் தொடங்கிய வேலையை மாவோரிக் குடும்பம் தன் கையில் எடுத்தது! நம் கருத்தில், தொடக்க மாணவன் கையில் முதலில் தரவேண்டிய ஏடு இதுவே. சொற்றொகையால் இது பேரேட்டுக்கு ஈடாகாது. கற்பிக்கும் திறத்தால் அதனை விஞ்சும்.

தன்னைத் தானே சொல்லும் மொழி

இதற்கும் மேலே ஒரு படி உண்டு. 2006இல் சிறுவர்க்கும், 2008இல் பெரியோர்க்கும், மாவோரியிலேயே மாவோரிச் சொல்லுக்குப் பொருள் கூறும் அகராதிகள் வந்தன. 2008இல் மாவோரி மொழி ஆணையம் தந்ததன் பெயர் 'ஹே பாத்தக்க குப்பு'. பாத்தக்க என்பது கால்கள்மேல் உயர்த்திக் கட்டிய உணவுக் களஞ்சியம். குப்பு என்பது சொல். சொற்களஞ்சியம்! அதிலே ஆங்கிலத்துக்கு இடமில்லை. அம்மொழி தன் சொல்லுக்குத் தன் சொல்லாலேயே விடை கூறுகிறது. இரந்து நின்ற மொழி எழுந்து நின்றது.

'ஆங்கிலம் இல்லாத அகராதியால் தொடக்க மாணவனுக்கு என்ன பயன்?' என்று வினவலாம். வினா சரியே. நீந்தத் தெரியாதவனை ஆற்றின் நடுவில் இறக்கிவிடும் ஏடு அது. அதனை முதற்பாடமாகத் தரச் சொல்லவில்லை. முடிவான இலக்காக வைக்கச் சொல்கிறோம். இருமொழி ஏடு பாலம்; பாலத்தின்மேலேயே குடியிருக்க யாரும் எண்ணுவதில்லை. கணிப்பொறிக்கு மூளையையும் மின்னையும் சேர்த்து 'ரோரோஹிக்கோ' என்று பெயரிட்ட மொழிக்கு, தன் பொருளைத் தானே உரைக்கும் ஆற்றல் இல்லாமற் போகுமா?

கையில் மலரும் மொழி

இனி மற்றொரு மொழிக்கு வருவோம். 1880ஆம் ஆண்டு இத்தாலியின் மிலான் நகரில் காது கேளாதாரின் ஆசிரியர்கள் கூடினர். சைகை வேண்டா, வாய்ப்பேச்சே வேண்டும் என்று முடிவு செய்தனர். முடிவு செய்த கூட்டத்தில் மிகப் பெரும்பாலார் காது கேட்பவர்! அதே ஆண்டில் நியூசிலாந்தின் சம்னரில் அரசுப்பள்ளி எழுந்தது. ஜெரிட் வான் ஆஷ் தலைமை ஏற்றார். உதட்டைப் பார், ஒலியெழுப்பப் பழகு, கையை அசைக்காதே என்பது விதி. ஏறத்தாழ நூறாண்டு இவ்விதி நின்றது. ஆயினும் விளக்கணைந்தபின் விடுதியில், ஆசிரியர் திரும்பியபின் திடலில், பிள்ளைகளின் கைகள் பேசின. தடை செய்தவர் பள்ளியை நடத்தினர். பிள்ளைகள் மொழியை நடத்தினர்!

1979இல் பள்ளிகளில் கைக்கு விடுதலை வந்தது. ஆனால் அரை விடுதலை. ஆங்கில வாக்கியத்தைச் சொல்லுக்குச் சொல் கையால் காட்டும் முறையைப் புகுத்தினர். அதற்குரிய சொற்பட்டியல்களில் படம் கையினுடையது, இலக்கணம் ஆங்கிலத்தினுடையது. பிள்ளைகள் தமக்குள் பேசிய மொழிக்கு அங்கே இடமில்லை. அம்மொழி முழுமையான மொழியே என்பதை மேரியான் காலின்ஸ்-ஆல்கிரன் 1989இல் விக்டோரியாப் பல்கலைக்கழகத்து முனைவர் பட்ட ஆய்வால் நிறுவினார்.

1997இல் வந்தது பேரகராதி. கிரீம் கென்னடி தலைமைப் பதிப்பாசிரியர். காது கேளாதார் சங்கமும் பல்கலைக்கழகமும் கூடிச் செய்த பணி. ஏறக்குறைய 4000 சைகைகள். இவ்வேட்டின் சிறப்பு தொகையிலன்று, வரிசையில். சைகைக்கு அகரவரிசை ஏது? பிறர் ஆங்கிலச் சொல்லின் அகரவரிசையில் படங்களை அடுக்கினர். அதிலே ஆங்கிலம் தெரிந்தவன் சைகையைத் தேடலாம். சைகையைக் கண்டவன் அதன் பொருளைத் தேட வழியில்லை. இவ்வேடு கையின் வடிவத்தால் வரிசைப்படுத்திற்று. மூடிய கையா, விரித்த கையா, ஒரு விரலா, இரு விரலா? அது நெற்றியருகே நிகழ்வதா, மார்பருகே நிகழ்வதா? இவ்விரண்டும் தெரிந்தால் சைகை கிடைக்கும். கைக்கு ஓர் அரிச்சுவடி! ஆங்கிலத்தின் வாயிலில் காத்து நிற்காமல் நேரே உள்ளே நுழையும் வாயில்! வில்லியம்ஸ் குடும்பத்தார் மூன்று தலைமுறையில் திறக்காத கதவை இவ்வேடு முதற்பதிப்பிலேயே திறந்தது என்போம்.

குறையும் சொல்லியாக வேண்டும். சைகை என்பது அசைவு. ஏட்டிலே கிடைப்பது அம்புக்குறி இட்ட அசையாப் படம். புருவம் உயர்வதும் முகம் சுளிப்பதும் அம்மொழியின் இலக்கணம்; கோட்டோவியத்தில் அவை மங்குகின்றன. இக்குறையை 2011இல் இணையத்தில் வந்த அகராதி பெரிதும் போக்கிற்று. அங்கே படம் அசைகிறது. சைகை வாக்கியத்துக்குள் வருகிறது. கைவடிவத்தாலும் தேடலாம், ஆங்கிலத்தாலும் தேடலாம், மாவோரியாலும் தேடலாம். மாவோரியராய்ப் பிறந்து காது கேளாதவர்க்கு, பள்ளி இரு மொழிகளை மறுத்திருந்தது. அவ்விரண்டும் ஒரே பக்கத்தில் கைகோத்து நிற்பதைக் காண்பது சிறிய செய்தியன்று. இடையே 2006ஆம் ஆண்டுச் சட்டம் சைகை மொழியையும் ஆட்சிமொழியாக்கி, வழக்குமன்றத்தில் பயன்படுத்தும் உரிமை தந்தது.

ஆயினும், அங்கும் சைகைக்குப் பொருள் எழுத்துச் சொல்லாலேயே கூறப்படுகிறது. சைகைக்குச் சைகையாலேயே விளக்கம் தரும் களஞ்சியம் வரவேண்டும். மாவோரி 2008இல் ஏறிய படியை அம்மொழியும் ஏறும் நாள்தான் முழு வெற்றி நாள்.

கையைக் கட்டு!

பிறநாட்டுப் பள்ளியைக் குறைகூறுவது எளிது. நம் வகுப்பறையை நோக்கினோம். கடைசிப் பலகையில் காது கேளாத சிறுமி ஒருத்தி. பக்கத்துச் சிறுமியோடு கையால் பேசிக்கொண்டிருந்தாள். நாம் எல்லா ஆசிரியரையும் போலவே அதட்டினோம்: 'கையைக் கட்டி உட்கார்!' அவள் கட்டினாள். மற்றப் பிள்ளைகளுக்கு அது ஒழுங்கு. அவளுக்கு அது வாய்ப்பூட்டு. சம்னர் பள்ளியின் விதியை, அதன் பெயரும் அறியாமல், நாம் நடத்திக்கொண்டிருந்தோம்!

இந்த அகராதிகளைப் பற்றிப் படித்தபின்தான் அன்று செய்தது விளங்கிற்று. மாவோரியில் 'அகோ' என்றொரு சொல் உண்டு. வில்லியம்ஸ் ஏட்டிலும் இருக்கிறது. கற்றல் என்பதும் அதன் பொருள். கற்பித்தல் என்பதும் அதன் பொருள். ஆசிரியன் மேலே, மாணவன் கீழே என்று பிரித்து வைத்துள்ள நமக்கு அச்சொல் ஒரு சூடு.

மறுநாள் அச்சிறுமியை முன்னே அழைத்துத் 'தண்ணீர்' என்று கரும்பலகையில் எழுதினோம். அவள் காட்டினாள். நம் விரல் தடுமாறிற்று, வகுப்பு சிரித்தது. அவள் சிரிக்கவில்லை, நம் கையைப் பிடித்துத் திருத்தினாள். இன்று நம் குறிப்பேட்டில் நாற்பது சைகைகள் உள்ளன. கைவடிவப்படியே வரிசைப்படுத்தி வருகிறோம். சரியா தவறா என்று தீர்ப்புச் சொல்பவள் அவளே!